காய்ந்துவிட்டதா என்று பார்த்தவர்கள்

ஊரார் வீட்டுத் தரைகளையெல்லாம் வைத்த கோலிகூட உருளாத அளவுக்கு மட்டமாக்கிக் கொடுத்த டைல்ஸ்காரர், சொந்த வீட்டு முன்னறையைப் பதினோரு வருடமாகக் கண்டுகொள்ளவில்லை. மனைவிக்குச் சொல்லிச் சொல்லி வாய் வலித்ததுதான் மிச்சம். மாமியார் இடுப்பெலும்பு ஒடிந்து ஆஸ்பத்திரியில் படுத்த பிறகே ஐயாவுக்கு ஞானம் பிறந்தது. வெள்ளிக்கிழமை சாயங்காலம் அந்த அம்மாள் வாக்கரோடு வருகிறார். தரையில் தடுக்கி இன்னொரு முறை விழுந்தால் அப்புறம் நடக்கவே முடியாது என்று டாக்டர் சொல்லிவிட்டார்.

புதன்கிழமை, ஆடிக்கொண்டிருந்த டைல்களைப் பெயர்த்தார். அடியில் சிமெண்டுத் தளம் ஜன்னல் பக்கமாகச் சரிந்து கிடந்தது. பூசியவனை மனதாரத் திட்டிவிட்டு, தூசி தட்டி, தானே பரவி மட்டமாகும் கலவையை வியாழன் காலை ஊற்றினார். மறுநாள் வரை யாரும் தொடக் கூடாது என்று மூன்று தடவை சொன்னார். அதுதான் அவர் செய்த தப்பு. சொல்லாமல் இருந்திருந்தால் யாருக்கும் தோன்றியிருக்காது.

மதியம் வாசலோரம் ஒரு விரல் பள்ளம், மகளுடையது. பல்லைக் கடித்துக்கொண்டு நிரவினார். ஒரு மணி நேரம் கழித்து ஒரு கால் கட்டைவிரல், மச்சினனுடையது.

"காஞ்சிடுச்சான்னு பாத்தேன் மாமா."

"காயலன்னு தெரிஞ்சுதா?"

"நல்லாத் தெரிஞ்சுது."

மனைவி நாகரிகமானவர், கரண்டிக் காம்பால் குத்திப் பார்த்திருந்தார். கையாலயா தொட்டேன் என்று அவருக்குக் கோபம் வேறு. டைல்ஸ்காரர் வாசலில் நாற்காலி போட்டுக் காவல் உட்கார்ந்தார். சாயங்காலம் அவரே குனிந்து ஒரு விரலால் அழுத்தினார். பதிந்தது. அது தொழில்முறைப் பரிசோதனை என்று விளக்கியதை வீட்டில் யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

வெள்ளி காலை தரை காய்ந்து கல்லாக இருந்தது. மேலே ஒட்ட வேண்டிய வினைல் பலகைகளின் அட்டைப் பெட்டியைப் பிரிக்கும்போதே வாசலில் கார் வந்து நின்றது. ஆஸ்பத்திரியில் கட்டில் தேவைப்பட்டதாம், சீக்கிரமே அனுப்பிவிட்டார்கள்.

மாமியார் வெறும் சிமெண்டில் வாக்கரை ஊன்றினார். நாலு காலும் ஒன்றாகப் படிந்தன. ஒவ்வோர் அடியாக வைத்து, மச்சினன் அவசரமாகக் கொண்டுவந்து போட்ட கட்டில் வரை போய் உட்கார்ந்தார். பிறகு தரையைச் செருப்புக் காலால் தேய்த்துப் பார்த்தார்.

"வழுக்கல மாப்ளை. இதுக்கு மேல ஒண்ணும் ஒட்ட வேணாம். இப்படியே இருக்கட்டும்."

"அத்தை, இது தரையே இல்ல. தரைக்கு அடியில இருக்கறது."

"எனக்கு இது போதும்."

மனைவி தாயின் கட்சி. டைல்ஸ்காரர் பெட்டியை மறுபடி டேப் போட்டு ஒட்டினார்.