ஷிசுயோ அக்காவின் பானை விடுதி

ஜப்பானில், கோக்குரா நகரில் என் அக்கா ஷிசுயோ ஒரு விடுதி நடத்துகிறாள். அதில் மனிதர்கள் யாரும் தங்குவதில்லை. அவர்களுடைய தவிட்டுப் பானைகள் தங்குகின்றன.

எங்கள் ஊரில் அநேகமாக வீட்டுக்கு ஒரு தவிட்டுப் பானை உண்டு. உப்புத் தண்ணீரில் பிசைந்த அரிசித் தவிடு அதற்குள் வருஷக்கணக்கில் புளித்துக்கொண்டே கிடக்கும். இரவு ஒரு வெள்ளரிக்காயை உள்ளே புதைத்தால் காலையில் சோற்றுக்குத் தொட்டுக்கொள்ள ஆயிற்று. ஆனால் தினமும் வெறும் கையை விட்டு அடியோடு கிளறிவிட வேண்டும். நாலு நாள் மறந்தால் தெருவே மூக்கைப் பொத்தும். இந்தப் பானைக்குப் பயந்து முப்பது வருஷமாக ஊரைத் தாண்டாத குடும்பங்கள் எனக்குத் தெரியும். எனக்கு இதெல்லாம் பிடிக்காது. இரும்பு ஆலையில் உழைத்து ஓய்வு பெற்றவன் நான். காலையில் ரொட்டியும் ஜாமும் தின்கிறவன். தவிடு மாட்டுக்கு என்பது என் கட்சி.

அக்கா வேறு மாதிரி. ரயில் நிலையத்தில், பயணிகள் தவறவிட்ட பொருள்களைப் பாதுகாக்கும் அறையில் இருபத்தேழு வருஷம் இருந்தவள். குடை, பல்செட், ஒற்றைச் செருப்பு, ஒருமுறை உயிரோடு ஓர் ஆமை. ஆமைக்காரர் தேடி வரும்வரை அதை மேஜைக்கடியில் வைத்துக் கீரை போட்டு வளர்த்தாள். கொடுக்கும்போது, "கொஞ்சம் எடை கூடியிருக்கு, மன்னிச்சுக்கணும்" என்று குனிந்து கும்பிட்டாளாம். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. அடுத்தவர் பொருளை வாங்கி வைத்து, வாங்கியபடியே திருப்பிக் கொடுப்பதைத் தவிர அவளுக்கு இந்த உலகத்தில் வேறு எந்த ஆசையும் இருந்ததாக எனக்குத் தெரியவில்லை.

வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகு கை அரிக்காமல் இருக்குமா? எதிர்வீட்டு அம்மாள் ஹவாய்க்குப் போகிறேன், ஒரு வாரம் என் பானையைப் பார்த்துக்கொள் என்றாள். அடுத்த மாதம் மூன்று பானைகள் வந்தன. புத்தாண்டு விடுமுறைக்குள் முன்னறை முழுக்கப் பானை. நான் தூங்கும் இடத்தைத் தவிர எல்லா இடத்திலும் பானை. பிறகு அங்கேயும் வந்துவிட்டது. ஒவ்வொன்றுக்கும் உரியவர்கள் சொல்லிவிட்டுப் போகும் பத்தியம் தனி. இதற்கு இடது கை ஆகாது. இதற்குக் காலையில் வானொலி கேட்டுப் பழக்கம். ஒருவர் சப்போரோவிலிருந்து தினமும் தொலைபேசியில் கூப்பிடுவார். அக்கா பானையைக் கிளறும் சத்தத்தை நான் அவருக்குக் கேட்கவைக்க வேண்டும். "இன்னைக்குக் கொஞ்சம் சோர்வா கேக்குதே" என்பார். மழையாக இருக்கும் என்றேன்.

இத்தனை பானைகளுக்கும் அக்காவுக்கு இரண்டே கைகள். வலது தோள் பிடித்துக்கொண்டது. இனி கையைத் தூக்கவே கூடாது என்று மருத்துவர் சொன்ன வாரத்தில்தான், எங்கள் ஊர்க் கோட்டையைப் பார்க்க வந்த தைவான் இளம் ஜோடி ஒன்று கடை என்று நினைத்து உள்ளே நுழைந்தது. அக்கா கிளறுவதைப் பார்த்துவிட்டு, நாங்களும் கை விடலாமா என்று சைகையில் கேட்டார்கள். அக்காவுக்கு மாட்டேன் என்று சொல்ல வராது. அவர்கள் முழங்கை வரை விட்டு அளைந்தார்கள். கையை மோந்து பார்த்தார்கள். மறுபடி மோந்து பார்த்தார்கள். பிறகு நன்றி சொல்லிக் காசும் கொடுத்தார்கள்.

அவ்வளவுதான், பற்றிக்கொண்டது. தோக்கியோவிலிருந்து, கொரியாவிலிருந்து, ஆஸ்திரேலியாவிலிருந்து ஆட்கள் வந்து பாரம்பரிய உணவை நேரடியாகக் கற்கிறோம் என்று வரிசையில் நின்றார்கள். அவர்களுக்குக் கவசத்துணி கட்டிவிடுவதும் ஆளுக்கொரு வெள்ளரிக்காய் கொடுப்பதும் என் தலையில் விழுந்தது. பானை தங்குவதற்கு உரியவர்கள் பணம் கொடுத்தார்கள்; அதைக் கிளறுவதற்கு ஊர்ப்பட்டவர்கள் பணம் கொடுத்தார்கள். இந்த உலகத்தை நினைத்து நான் சிரித்துக்கொண்டேன். அக்கா சிரிக்கவில்லை. கிளறுவது யார் என்பதைப் பானைக்காரர்களிடம் அவள் சொல்லவில்லை. சொல்லும்படி அவர்களும் கேட்கவில்லை.

குரோகி எத்சுகோ அம்மாள் கேட்டாள். எங்கள் பேட்டை மாதர் சங்கத்தின் செயலாளர் அவள். மகளின் பிரசவத்துக்காக செந்தாய் நகருக்குப் போனபோது நீல மூடிபோட்ட தன் பானையை ஒரு மாதம் எங்களிடம் விட்டிருந்தாள். கணவரை வீட்டில் விட்டுவிட்டுப் பானையை மட்டும் விடுதிக்கு அனுப்பியவள் அவள். திரும்பி வந்து எடுத்துப் போன மூன்றாம் நாள், அதே பானையை மார்போடு அணைத்தபடி மழையில் வந்து நின்றாள்.

நாறிவிட்டதா என்று அக்கா பதறினாள். நாறவில்லை. காலையில் கணவர் ஒரு துண்டு வெள்ளரிக்காயைக் கடித்துவிட்டு, நன்றாக இருக்கிறது என்று சொல்லியிருக்கிறார்.

நல்லதுதானே என்றேன் நான். வாயைக் கொடுத்திருக்கக் கூடாது.

"முப்பத்தெட்டு வருஷமாச்சு தம்பி எனக்குக் கல்யாணமாகி. உப்புன்னும் சொன்னதில்ல, உறைப்புன்னும் சொன்னதில்ல. அந்த மனுசன் வாயத் தொறந்து நல்லாருக்குங்கறார்ன்னா அது என் கையில்ல. எவளோ கை வச்சிருக்கா. யாரு அவ?"

கைமணம் என்பதை எங்கள் ஊரில் யாரும் விளையாட்டாகச் சொல்வதில்லை. கிளறும் கையில் உள்ளதுதான் தவிட்டில் ஏறும், கை மாறினால் ருசி மாறும் என்று சத்தியம் செய்வார்கள். அக்கா தரையில் நெற்றி படக் குனிந்து எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டாள். நாற்பது ஐம்பது பேர் கை பட்டிருக்கும் என்றாள். எத்சுகோ அம்மாள் உட்கார்ந்துவிட்டாள். அந்தக் கைக்காரி யார் என்று தெரிந்தாக வேண்டும், தெரியாவிட்டால் சங்கத்தில் சொல்லிவிடுவேன் என்று பானையை எங்களிடமே வைத்துவிட்டாள். சொன்னால் சாயங்காலத்துக்குள் ஒரு பானை மிஞ்சாது. எனக்குத் தூங்க இடம் கிடைக்கும் என்பது வேறு விஷயம். அக்கா அன்று சாப்பிடவில்லை. விடுதி போய்விடும் என்பதைவிட, வாங்கியபடி திருப்பிக் கொடுக்கவில்லையே என்பதுதான் அவளை அரித்தது. அதைப் பார்க்க எனக்குப் பொறுக்கவில்லை.

நீலப் பானையை அதிகம் கிளறியது யார் என்று விசாரணை நடந்தது. எனக்கு ஒருவர் நன்றாக நினைவிருந்தார். ஒசாகாக்காரர். தொப்பி, முகக்கவசம். அந்த மாதம் முழுக்க ஒரு நாள் விடாமல் வந்து அதே பானையின் முன்னால் உட்காருவார். ஒசாகா என்றாரே தவிரப் பேச்சு சுத்தமான கோக்குராப் பேச்சு. தாய்வழி உறவு இங்கே இருக்கும் என்று நானே எனக்குச் சமாதானம் சொல்லிக்கொண்டேன். இதைச் சொன்னதும் எத்சுகோ அம்மாள் கையை உதறினாள். ஆம்பளைக் கைக்கு இந்த ருசி வராது, பெண்களைச் சொல்லு என்றாள்.

அதனால் பரிசோதனை தொடங்கியது. நீலப் பானையிலிருந்து கொஞ்சம் கொஞ்சமாகத் தவிடு எடுத்துத் தனித்தனிக் கிண்ணத்தில் போட்டு, ஒவ்வொரு நாளும் ஒருவர் கிளறுவது. அதில் ஊறிய வெள்ளரியை எத்சுகோ அம்மாள் கொண்டுபோய்க் கணவர் முன் வைத்து முகத்தைப் பார்ப்பது. அவருக்கு எதுவும் தெரியக் கூடாது. அக்காவின் கைக்கு அவர் தொலைக்காட்சியைப் பார்த்தபடி மென்றாராம். கிளற வந்தவர்களில், ஊரைவிட்டுப் போக மனமில்லாமல் இன்னும் சுற்றிக்கொண்டிருந்த டென்மார்க் பல் மருத்துவப் பெண்ணின் கைக்கு, தேநீர் கேட்டாராம். ஆள் பற்றாமல் என்னையும் கிளறச் சொன்னார்கள். என் வெள்ளரியைத் தட்டின் ஓரத்துக்குத் தள்ளிவிட்டு, மீன் இல்லையா என்றாராம். எனக்குத் தவிட்டின் மேல் மரியாதை கிடையாதுதான், இருந்தாலும் சுருக்கென்றது.

சங்கத்துக்குப் போவதாக வீட்டில் சொல்லிவிட்டு எத்சுகோ அம்மாள் ஒரு காலையில் எங்கள் வீட்டுக்கு வந்தாள். பின்னறையில் அக்காவோடு உட்கார்ந்து, அடுத்து யாரைக் கிளறவைப்பது என்று யோசித்துக்கொண்டிருந்தாள். அப்போது ஒசாகாக்காரர் வந்தார். வாசலில் காலணியைக் கழற்றினார், தொப்பியைக் கழற்றவில்லை. கையை முழங்கை வரை தேய்த்துக் கழுவினார். நீலப் பானை திரும்பி வந்துவிட்டது என்பது அவருக்கு எப்படித் தெரியும் என்று நான் யோசிப்பதற்குள் அதன் முன்னால் மண்டியிட்டு மூடியைத் திறந்து, கையை உள்ளே விட்டார்.

எத்சுகோ அம்மாள் கதவிடுக்கில் பார்த்தாள். முகத்தைப் பார்க்கவில்லை, அவருடைய காலுறையைப் பார்த்தாள். சாம்பல் நிறம், குதிகாலில் வேறு நூலில் தைத்த ஒட்டு. தைத்தவள் அவளேதான்.

அவள் எழுந்து போய் அவர் எதிரில் உட்கார்ந்தாள். அவள் கணவர் குரோகி மசநோபு கையை வெளியே எடுக்கவில்லை. மற்ற சுற்றுலாக்காரர்கள் இதுவும் நிகழ்ச்சியில் ஒரு பகுதி என்று நினைத்துப் படம் எடுத்தார்கள். அவர்களைக் கொல்லைப்புறத்துக்கு ஓட்ட நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும்.

"உங்க கையை நீங்களே மெச்சிக்கிட்டீங்களா?" என்றாள் அவள். "என் கையால முப்பத்தெட்டு வருஷம் தின்னீங்களே, அதுக்கு ஒரு வார்த்த இல்ல."

அவர் முகக்கவசத்தைத் தோளால் கீழே தள்ளிவிட்டார்.

"கல்யாணமான புதுசுல கிளறப் போனேன். உங்க கை பட்டா கெட்டுப்போகும்னு சொல்லிட்டே. அப்புறம் நான் அந்தப் பக்கமே வரல. நீ ஊருக்குப் போனதும் சும்மா பாத்துட்டுப் போலாம்னு வந்தேன். எல்லாரும் கை விடுறாங்க, நானும் விட்டேன். ஒரு மாசம் விட்டிருக்கேன். நீ வந்து எடுத்து வச்சப்போ பயந்துக்கிட்டேதான் கடிச்சேன். கெட்டுப்போகல. அதத்தான் நல்லாருக்குன்னு சொன்னேன்."

என் அக்கா அந்த இடத்தில் தன் பாட்டைச் சொன்னாள், அவளுக்கு நேரம் காலம் தெரியாது. வாங்கியபடி திருப்பிக் கொடுக்காதது தன் தப்பு, இன்றோடு மூடிவிடுகிறேன், சங்கத்தில் தானே வந்து சொல்கிறேன் என்றாள். அழுதுகொண்டே சொன்னாள்.

எத்சுகோ அம்மாள் அதற்குப் பதில் சொல்லாமல் கத்தி கேட்டாள். நான் கொஞ்சம் பயந்துதான் கொடுத்தேன். அவள் பானைக்குள் கையை விட்டாள். அவர் கை இன்னும் உள்ளேதான் இருந்தது. துழாவி, முந்தின நாள் புதைத்திருந்த வெள்ளரிக்காய் ஒன்றை எடுத்துத் தவிட்டை வழித்து, நறுக்கி ஒரு துண்டை வாயில் போட்டாள். மென்றாள். அவ்வளவு நேரம் ஒருவர் வெள்ளரிக்காய் மென்று நான் பார்த்ததில்லை. மசநோபு அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். அக்கா கண்ணை மூடிக்கொண்டாள்.

"நல்லாத்தான் இருக்கு" என்றாள் எத்சுகோ அம்மாள்.

அவர் முழங்கையால் கண்ணைத் துடைக்கப் போய் முகமெல்லாம் தவிடாக்கிக்கொண்டார். அவள் தன் கைக்குட்டையை எடுத்து அதைத் துடைத்துவிட்டாள். பிறகு அக்காவைப் பார்த்து, நாளைக்கு எத்தனை மணிக்குத் திறப்பீர்கள் என்று கேட்டாள். ஒன்பது என்றாள் அக்கா, மூடுவதாகச் சொன்னதையே மறந்துவிட்டு.

"இவருக்கு விடியும்போதே முழிப்பு வந்துரும். கொஞ்சம் சீக்கிரமாத் தொறந்து வைங்க."