மணியடிக்கும் முன்பே திறந்த கதவு

இரண்டாம் உலகப் போர் முடிந்து பத்து வருடமாக வியன்னாவில் சிரிப்புப் படங்களுக்குப் பஞ்சமில்லை. ஒரு மலை, ஒரு ஏரி, ஓர் அசட்டு மாப்பிள்ளை, கடைசியில் கல்யாணம். வில்மா ஸ்லாமாவும் அந்த வண்டியில் ஏறியவள்தான். போருக்கு முன் நாடக மேடைக்குப் பின்னால் நின்று நடிகர்களுக்கு வசனம் எடுத்துக்கொடுத்தவள், இப்போது தானே கதை எழுதித் தானே தயாரித்தாள். அவளுக்கு ஒரே சட்டம்: வெள்ளோட்டக் காட்சியில் கூட்டம் சிரிக்காத வசனத்துக்குக் கத்தரி. தான் எழுதியது என்ற தயவெல்லாம் கிடையாது.

புதுப் படத்தின் நாயகன் ஒரு குடியிருப்பின் காவல்காரன். இரவு பத்துக்கு மேல் தெருக்கதவுச் சாவி அவனிடம்தான். குடியிருப்பவர்கள் மணியடித்து, சில்லறை கொடுத்துத்தான் உள்ளே போக வேண்டும். அவன் மீசையைத் தடவி, "நான் யாருக்குத்தான் கதவு திறக்கல?" என்று பீற்றிக்கொள்வான். 1938-இல் நாஜிகள் ஆஸ்திரியாவைப் பிடித்தபோது அந்தக் குடியிருப்பிலிருந்து தப்பியோடித் திரும்பிவந்த யூதக் கிழவி பதில் சொல்வாள்: "ஆமாப்பா, முப்பத்தெட்டுல எங்கள அள்ளிட்டுப் போக வந்தவங்களுக்கு, மணியடிக்கறதுக்கு முன்னாடியே திறந்தியே!"

ஒட்டாக்ரிங் பேட்டைத் தியேட்டரில் வெள்ளோட்டம். அதுவரை சிரிப்பில் கூரை பிய்த்துக்கொண்டது. அந்த வசனம் வந்ததும் அரங்கம் அடங்கிப்போனது. யாரோ இருமினார்கள். முன்வரிசையில் ஒருவர் எழுந்து போக, நாற்காலி படாரென்று மடங்கியது.

மியூனிக்கிலிருந்து வந்திருந்த விநியோகஸ்தர் டாக்டர் ராவ்டன்கிரான்ஸ் வராந்தாவில் சுருட்டைப் பற்றவைத்தார். அவர் கைவிட்டால் படம் ஜெர்மனியில் ஓடாது. ஜெர்மனியில் ஓடாத ஆஸ்திரியப் படம் செத்த படம்.

"ஒருத்தரும் சிரிக்கல, ஃப்ராவ் ஸ்லாமா. உங்க சட்டம்தானே? கத்தரிய எடுங்க."

"புரியாம சிரிக்காத வசனத்துக்குத்தான் கத்தரி, டாக்டர். இது எல்லாருக்கும் புரிஞ்சுபோச்சே!"

"பழசை எதுக்குக் கிளறுறீங்க? ஜனங்க மறக்கத்தான் டிக்கெட் வாங்குறாங்க."

"மறக்கணும்னா ஒயின் கடை பக்கத்துலயே இருக்கு. கொன்னவன் மறப்போம்னு சொல்றான், சரி. செத்தவன்கிட்ட கேட்டீங்களா?"

"அப்ப இந்தப் படம் எனக்கு வேண்டாம்."

"விடுங்க. தொப்பிய எடுத்துக்குங்க, மறந்துடாதீங்க. மறக்கறதுதான் உங்களுக்குப் பழக்கமாச்சே!"

படம் எல்லையைத் தாண்டவில்லை. வியன்னாவின் தொழிலாளர் பேட்டைகளில் மட்டும் ஓடியது. வசனத்தில் ஓர் எழுத்துகூட வெட்டுப்படவில்லை.

ஒரு காலை, வில்மா படியிறங்கும்போது அவள் குடியிருப்பின் காவல்காரர் நவ்ராடில் துடைப்பத்தைக் குறுக்கே நீட்டினார்.

"என்னைப் பத்தி சினிமாவுல அசிங்கமா எழுதியிருக்கீங்களாமே?"

"படம் பாத்தீங்களா, ஹெர் நவ்ராடில்?"

"அந்தக் கண்றாவிய நான் எதுக்குப் பாக்கணும்?"

"பாக்காமலே அது நீங்கதான்னு எப்படித் தெரிஞ்சுது?"

துடைப்பம் மெல்ல விலகியது. வில்மா தெருவில் இறங்கி, அடுத்த படத்தை வாங்கும் ஆளைப் பிடிக்கப் போனாள்.