அறிக்கையில் ஏறாத பெயர்

கொழும்பு முகத்துவாரத்தில் ஒரு பலசரக்குக் கடை. மேசைக்கு மேலே ஓர் ஆணி. அதில், மீன்வலை நூலில் கோத்த எங்கள் ஜெப அறைச் சாவி. அதைப் பார்க்கும்போதெல்லாம் எங்கள் பாஸ்டர் அக்காவின் ஞாபகம் வரும். காலையில் பேலியகொடைச் சந்தையில் மீன் விற்பார், பின்னேரம் ஜெபக்கூட்டம் நடத்துவார். "மீனெண்டாலும் மனிசரெண்டாலும் கண்ணைப் பாத்துத்தான் முடிவெடுக்கோணும்" என்பது அவர் அடிக்கடி சொல்வது.

ஜெபம் நடந்த அறை கடை முதலாளியுடையது. பக்கத்திலேயே அவர் வீடு. ஒருநாள், சத்தம் தாங்க முடியவில்லை என்று அறையைப் பூட்டிவிட்டார். கூட்டம் ஒழுங்கைக்கு வந்தது; மழைக்குக் கலைந்தது.

அந்த நாள்களில்தான் மதச் சுதந்திரம் பற்றி விசாரித்து எழுத ஓர் அமெரிக்க அதிகாரி வந்தார். மொழிபெயர்க்க என்னைப் பக்கத்துக் கொட்டாஞ்சேனையிலிருந்து கூட்டிப்போனார்கள். துறைமுகத்தில் கப்பல்காரரிடம் காதால் பொறுக்கிய ஆங்கிலம் என்னுடையது. எங்கோ இருக்கிற அரசுக்கு எங்கள் ஜெபத்தில் என்ன அக்கறை என்று அக்கா கேட்கச் சொன்னார். அங்கே தேவாலயத்துக்குப் போகிற சனம்தான் வாக்குப் போடுகிற சனம், அது வெளிநாட்டு விசுவாசிகளைப் பற்றிக் கேள் என்று அரசை நெருக்குகிறது, சிலவேளை நாடுகளோடு உள்ள உறவே அதைப் பார்த்து மாறும் என்றார் அதிகாரி.

"யுத்தத்துக்கு அனுப்புறவையும் அதே வேதத்தில கை வைச்சுத்தானே சத்தியம் செய்யினம்?" அக்கா விடவில்லை.

அதிகாரி சிரிக்கவில்லை. ஓம், இரண்டு பக்கமும் அந்தப் புத்தகத்தைத்தான் விரிக்கிறது என்றார்.

விருந்தாளி வந்தால் ஒலிபெருக்கியில் பாட்டுப் போடாமல் எங்கள் ஆட்களுக்கு மனம் ஆறாது. பூட்டிய கதவுக்கு முன்னால் வாடகைப் பாட்டுப்பெட்டியை வைத்து யாரோ முழுச் சத்தமாகத் திருகிவிட்டார்கள். முதலாளி சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு பாய்ந்து வந்தார்.

"அக்கே! அம்மா ஒப்பரேசன் செஞ்சு படுத்திருக்கு! இந்தச் சத்தத்துக்குத்தானே பூட்டினது!"

அதிகாரி பேனாவைத் திறந்து, இவர் பெயர் என்ன என்று என்னைக் கேட்டார். பெயர் அறிக்கையில் ஏறினால் அறை இனித் திறக்காது. ஏறாவிட்டால் எங்கள் கதை கடல் தாண்டாது.

"பேர் வேண்டாமெண்டு சொல்லு தம்பி," என்றார் அக்கா. "ஐயா பிளேன் ஏறிப் போயிருவார். நான் நாளைக்கும் இவரிட்டத்தான் சீனி வாங்கோணும்."

பாட்டுப்பெட்டியின் வயரைத் தானே பிடுங்கினார். விருந்தாளிக்கென வெள்ளைத்துணி விரித்த கதிரையொன்றை இழுத்து முதலாளியை இருத்தினார். "அம்மாவுக்கு வருத்தமெண்டு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே மல்லி?" என்றார், சிங்களத்தில் தம்பி என்று அழைத்து.

"நீங்க கேட்டதா?"

அக்கா அவர் கண்ணைப் பார்த்தார். "இல்லைத்தான். பிழைதான்."

ஒலிபெருக்கி இல்லை, கைத்தாளம் மட்டும் என்று பிளேன்ரீ குடித்தபடி பேசி முடித்தார்கள். அதிகாரி பேனாவை மூடிவிட்டு ரோல்ஸ் சாப்பிட்டார். மறுவாரம் அறை திறந்தது.

அறிக்கையில் எங்களைப் பற்றி ஒரு வரியாவது வந்ததா என்று எனக்குத் தெரியாது. ஒரு பெரிய தேசத்தின் பக்தி போர்க்கப்பலையும் அனுப்பும், கொப்பியோடு ஒரு மனிதரையும் அனுப்பும். அந்த மனிதர் வந்திராவிட்டால், பக்கத்துப் பக்கத்தில் இருந்த இந்த இரண்டு பேரும் எதிரெதிரே உட்கார்ந்திருப்பார்களா? அதை நினைக்கையில் மனதுக்கு ஒரு தெம்பு வருகிறது.

போன ஞாயிறு அந்தக் கடைக்குப் போனேன். முதலாளியே ஆணியிலிருந்து சாவியை எடுத்து நீட்டினார்.

"அக்காவைக் கொஞ்சம் சத்தமாப் பாடச் சொல்லுங்க. அம்மாவுக்கு இப்ப காது மந்தம். ஞாயித்துக்கிழமை பாட்டுக் கேக்காட்டி நம்மளைத்தான் ஏசுறது."