தானா ஓடாத பைல்

கம்ப்யூட்டர் வைரஸைத் தடுக்குற புரோகிராமுக்கு அப்டேட் கொண்டுபோற வேலையில வைரஸைப் பார்த்துப் பயந்தவன் கம்மி, கஸ்டமர் மூஞ்சியைப் பார்த்துப் பயந்தவன்தான் ஜாஸ்தி. டிஸ்க்கும் கையுமா அலைஞ்ச அண்ணன்மாருங்களே, உங்களுக்குத் தெரியாததா?

எண்பதுகளோட கடைசி. சிங்கப்பூர் சிராங்கூன் ரோட்டுல பூக்கடைக்கு மேல எங்க கம்ப்யூட்டர் கடை. ஆறாம் வகுப்பு தாண்டாத எனக்கு பைக் ஓட்டத் தெரியும்னு வேலை குடுத்தாங்க. மாசாமாசம் டிஸ்க்கை காப்பி பண்ணி, ஆபீஸ் ஆபீஸா போய் மெஷின்ல போட்டு, ஒரு வார்த்தை தட்டி, கையெழுத்து வாங்கணும்.

சும்மா கெடந்த பைல்

டிஸ்க்குல ரெண்டு பைல். சின்னதுல புது வைரஸுங்க லிஸ்ட். பெருசு என்ன செய்யுதுன்னு தெரியல. பேரைத் தட்டிப் பார்த்தேன், ஓடல. திரும்பத் தட்டினேன், ஓடல. சம்பளத்துக்கு வந்து தூங்குற ஆளுன்னு முடிவு பண்ணி, அதை விட்டுட்டு காப்பி பண்ணினேன். வேலை பாதி நேரத்துல முடிஞ்சுது.

முன்ன ஸ்கிரீன்ல ஒரு வரி வரும். இப்ப ரெண்டு வரி வந்துச்சு. சர்வீஸ் கூடிடுச்சுன்னு நெனச்சேன். ஜூரோங் கப்பல் பட்டறை ஆபீஸ்ல டைப்பிஸ்ட் ரோஸலின் அக்கா மட்டும் கண்ணாடியை ஏத்திவிட்டுப் படிச்சாங்க. "ஏதோ பைல் காணோம்னு சொல்லுது லா." அதெல்லாம் நார்மல் அக்கான்னேன். அவங்க என்னையே பார்த்தாங்க.

"நார்மல்னா போன மாசம் ஏன் தம்பி வரல?"

எழுத்து கொட்டுது

மூணாவது மாசம் அக்காகிட்டருந்து போன். போய்ப் பார்த்தா ஸ்கிரீன்ல எழுத்து ஒண்ணொண்ணா கழண்டு கீழ விழுது, ரோட்டோரம் அங்சானா மரத்துல பூ கொட்டுமே, அந்த மாதிரி. எந்த ஆளு எந்த சேஃப்டி டெஸ்ட் பாஸ் பண்ணினான்னு அக்கா நாலு மாசமா அடிச்ச லிஸ்ட் திறக்கவே மாட்டேங்குது.

மேனேஜர் பெருமாள் சார், அக்காதான் கேம்ஸ் டிஸ்க் போட்டு வைரஸை உள்ள விட்டுட்டாங்கன்னு முடிவே பண்ணிட்டாரு. வேலையை விட்டு அனுப்பப் போறாராம். அக்கா அழல. என்கிட்டதான் திரும்புனாங்க.

"மாசாமாசம் வந்து போட்டியே, அது என்னத்தைத்தான் தடுத்துச்சு?"

முதலாளி பார்த்த டிஸ்க்

டிஸ்க்கை முதலாளிகிட்ட குடுத்தேன். "பெரிய பைல் எங்கடா?" தானா ஓடல முதலாளி, அதான் விட்டுட்டேன்னேன். மனுஷன் நாற்காலியில அப்படியே உக்காந்துட்டாரு. அந்தப் பைல் தானா ஓடாதாம், புரோகிராம் கூப்பிட்டாத்தான் வருமாம். லிஸ்ட்டை எடுத்து உள்ள சேர்க்குறதே அதுதானாம். அப்ப மூணு மாசமா முப்பது ஆபீஸ்லயும் ஒரு புது வைரஸைக்கூட எந்த மெஷினுக்கும் தெரியாது.

"போலீஸுக்குத் திருடன் போட்டோவை அனுப்பிட்டு, கவரைப் பிரிக்குற ஆளை வீட்டுக்கு அனுப்பிட்டியேடா."

டோபி காட்ல ஒரு டிராயர்

மறுநாள் சரியான டிஸ்க்கோட கிளம்பினேன். முதல்ல டோபி காட் டிராவல் ஆபீஸ். அங்க மெஷின் எப்பவும் பிஸி, அதனால டிஸ்க்கை செல்லையா அண்ணன்கிட்ட குடுத்துட்டு வந்துருவேன். மன்னிப்பு கேக்க வாயைத் திறக்குறதுக்குள்ள அவரு டிராயரை இழுத்தாரு. ஒரு வருஷ டிஸ்க், கவர்கூட பிரிக்கல. என் தப்பு தொடாத ஒரே ஆபீஸ். சந்தோஷப்படுறதா, தலையில அடிச்சுக்கிறதான்னு புரியல.

"காய்ச்சல் வந்தாத்தானேப்பா மாத்திரை போடணும்?"

பெருமாள் சார் ரூம்

அடுத்து ஜூரோங். புது வைரஸ், யாராலயும் ஒண்ணும் செய்ய முடியலன்னு சொல்லிட்டு வாடான்னுதான் முதலாளி அனுப்பினாரு. ரூம்ல அக்கா நின்னுக்கிட்டிருந்தாங்க, மேசை மேல ஒரு லெட்டர் ரெடியா இருந்துச்சு. அவங்க என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கல.

"சார், அக்கா எந்த டிஸ்க்கும் போடல. நான்தான் ஒரு பைலை விட்டுட்டேன்."

"எத்தனை நாளா?"

"மூணு மாசமா, சார்."

அவரு லெட்டரைக் கிழிச்சுக் குப்பையில போட்டாரு. அக்கா வெளிய வந்து, கையால எழுதின பழைய டெஸ்ட் லிஸ்ட் பேப்பர் கட்டை என் கையில குடுத்து, மெஷின் பக்கத்துல எனக்கு ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டாங்க.

"வாய் நல்லாத்தானே இருக்கு, பேரைப் படி, நான் அடிக்கிறேன்."

தெரியாததைத் தெரிஞ்ச மாதிரி சொல்றதுல மட்டும் நம்ம தொழில்ல யாருமே ஜூனியர் இல்ல.