முதற்பலன் கொடுத்த சித்தப்பா

கால் கட்டிய சேவல் ஒன்றைக் கோயில் வளாகத்தில் ஏலத்துக்குத் தூக்கிக் காட்டுகிறார்கள். சித்தப்பா முண்டியடித்துக்கொண்டு ஏலம் கேட்கிறார். அவரை நினைத்தால் முதலில் வருவது அதுதான். சேவல் அவர் வீட்டுச் சேவலேதான்! விளைந்ததிலும் வளர்த்ததிலும் முதற்பலனை ஆண்டவருக்குப் படைப்பதும், படைத்தவரே ஏலத்தில் எடுத்து வீட்டுக்குக் கொண்டுபோவதும் எங்கள் சபை வழக்கம். கொடுத்தது ஆசீர்வாதத்தோடு திரும்பும் என்று முழுதாக நம்பியவர் சித்தப்பா. சபைக்கு உபதேசியாரும் அவரே.

அந்த நம்பிக்கையை அவர் கோயிலோடு வைத்திருக்கலாம். ஜெர்மன் சண்டைக்கு ஆள் சேர்க்க மிஷன் துரை கூட்டம் போட்ட அன்று, எனக்கு அண்ணன் முறையான தன் தலைப்பிள்ளையைக் கைபிடித்து மேடையேற்றி, "இவன் எங்க முதற்பலன்" என்றார். திரும்பி வந்தால் தாலுகா கச்சேரியில் வேலை என்று துரை எல்லார் காதிலும் விழச் சொன்னார். ஊரே கைதட்டியது.

அண்ணன் பஸ்ராவிலிருந்து ஒற்றைக் காலோடு வந்தான். பத்திரிகைகளில் வெற்றி, வெற்றி என்று கொட்டை எழுத்து. அப்பனும் மகனும் கச்சேரி வாசலில் மாதக்கணக்கில் நின்றதை எந்தப் பத்திரிகை போட்டது? கடைசியில் துரையே கைவிரித்தார்: அங்கே ஓடியாடுகிற ஆள்தான் வேண்டுமாம். அதே மூச்சில், சமாதான ஆராதனைக்கு அண்ணன் உடுப்போடு கொடியின் கீழே நிற்க வேண்டும், ராஜாவுக்கான ஜெபத்தைச் சித்தப்பா சொல்ல வேண்டும் என்றார். மறுக்க முடியுமா? சம்பளம் மிஷன் சம்பளம். குடியிருந்த வீடும் மிஷன் வீடு.

"நிக்கட்டுமாப்பா?" என்று கேட்டான் அண்ணன்.

"ஒத்தக் கால்ல எம்புட்டு நேரம்லே நிப்ப? பேசாம உக்காரு."

ஆராதனையில் சித்தப்பா மழைக்காக ஜெபித்தார். ஆற்றுப் பாசனத்துக்காக, விதவைகளுக்காக, பிள்ளையைப் பறிகொடுத்த வீடுகளுக்காக ஜெபித்தார். பிறகு ஆமென் சொல்லி இறங்கிவிட்டார். துரையின் முகம் செக்கச்செவேலென்று ஆனது.

வாசலில் பலசரக்குக்கடை அண்ணாச்சி மடக்கினார். "என்ன வே உபதேசியாரே, ராஜாவ விட்டுட்டீரு?"

"அவருக்கென்ன வே, ஜெயிச்சுட்டாருல்லா. தோத்தவனுக்குத்தான ஜெபம் வேணும்?"

அந்த மாதமே வேலையும் போயிற்று, வீடும் போயிற்று. உலகத்தையே ஜெயித்த ராஜ்யத்துக்கு ஓர் உபதேசியார் சும்மா இருந்ததைத் தாங்க முடியவில்லை! சித்தப்பா இப்போது களக்காட்டுப் பக்கம் வாழைத்தோட்டக் காவல். அண்ணன் அதே தோட்டத்தில் உட்கார்ந்து நார் கிழிக்கிறான்.

சபைக்குப் புது உபதேசியார் வந்துவிட்டார். கணீரென்ற குரல். ராஜாவுக்கான ஜெபத்தை ஒரு வாரமும் விடுவதில்லை. போன ஞாயிற்றுக்கிழமை அது முடிந்ததும் துரை மட்டும் "ஆமென்" என்றார். கொஞ்ச நேரம் கழித்து, பின்னால் ஆட்கள் இருக்கிறார்களா என்று மெல்லத் திரும்பிப் பார்த்தார். கோயில் நிறைய இருந்தோம்.