சாமிக்குப் பெருக்காத இடம்

உனக்கு வேறு வேலையே இல்லையா? பக்கத்து வீட்டில் சருகைக் கூட்டித் தீ வைத்திருக்கிறார்கள், புகை வருகிறது, ஜன்னலைச் சாத்தினேன். அவ்வளவுதான். அதற்குப் போய், ஏன் சாத்தினாய், முகம் ஏன் அப்படிப் போகிறது என்று துளைத்து எடுக்கிறாயே! ஊரில் யார் சாத்தினாலும் அது ஜன்னல், நான் சாத்தினால் மட்டும் கதையா? சரி, உட்கார். கேட்டு முடித்ததும் என்னைத் திட்டக் கூடாது. அந்த வேலைக்கு ஏற்கெனவே ஆள் இருக்கிறது. நானேதான்.

குலசேகரம் ஊருக்கு மேலே, மலை தொடங்கலாமா வேண்டாமா என்று யோசித்துக்கொண்டு நிற்கிற இடத்தில் அப்போது எங்கள் வீடு. வீட்டுக்குப் பின்னால் சாஸ்தா காவு. காவு என்றால் கோபுரமும் மணியும் வைத்த கோயில் என்று நினைத்துக்கொள்ளாதே. கால் ஏக்கர் காடு, நடுவில் ஒரு கல், அந்தக் கல்தான் சாமி. வருஷத்துக்கு ஒரு முறை கொடைத் திருவிழா. அன்றைக்குக் கல்லுக்கு முன்னால் நாலு முழம் இடத்தைப் பெருக்கி விளக்கு வைப்போம். மற்றபடி உள்ளே போகக் கூடாது, சுள்ளி பொறுக்கக் கூடாது, ஒரு காய்ந்த இலையைக்கூட எடுக்கக் கூடாது. மாமியார் காலத்துச் சட்டம். எங்கள் மாமியார் போட்ட சட்டங்களில் அதுவரை நான் மீறாதது அது ஒன்றுதான்.

உள்ளே என்ன இருந்தது என்று கேட்டால், என்ன இல்லை? வயிறு பெருத்த அயினி மரங்கள், மருது, புன்னை, ஆளைப் பிடித்து இழுக்கிற சூரல் முள். குட்டிப் பலா மாதிரி இருக்கும் அயினிச் சக்கை, அது பழுத்தால் வௌவால்களுக்குக் கல்யாண வீடு. தின்றுவிட்டு விதையை எங்கள் ஓட்டின்மேல் துப்பும். நாங்கள் அதைப் பொறுக்கிக் கழுவி, மணலில் வறுத்துத் தின்போம். முகத்தைச் சுளிக்காதே. வாசனை வந்தால் நீயும் கை நீட்டுவாய். மழைக்காலத்தில் தவளைகள் போடுகிற சத்தத்தில் என் வீட்டுக்காரர் குறட்டை எனக்குக் கேட்காது. காவு எனக்குச் செய்த பெரிய உபகாரம் அது என்றுதான் வெகுநாள் நினைத்திருந்தேன்.

இன்னொரு உபகாரம் கிணறு. காவின் சரிவு முடிகிற இடத்தில் இருந்தது. சித்திரையில் ஊர்க் கிணறெல்லாம் சேறு காட்டும்போது எங்கள் கிணற்று வெள்ளத்தில் முகம் பார்க்கலாம்; எங்கள் பக்கம் தண்ணீருக்கு வெள்ளம் என்றுதான் பேர். சுற்றியிருந்த வீட்டுப் பெண்கள் எல்லாரும் குடத்தோடு அங்கேதான் வருவார்கள். நானும் ராணி மாதிரி நின்று, "ஏட்டி, பைய கோரு, பாம்பு இருக்கு" என்று பொய்ப் பயம் காட்டுவேன்.

சுனாமி வந்துபோய் ஐந்தாறு வருஷம் இருக்கும். ரப்பர் விலை தலைகால் தெரியாமல் ஏறிக்கொண்டிருந்தது. ரப்பர் ஷீட்டின் நாற்றத்தைச் சந்தனம் மாதிரி மூக்கை விரித்து இழுத்த காலம். முருங்கையைப் பிடுங்கி ரப்பர் வைத்தார்கள், தென்னையைச் சாய்த்து ரப்பர் வைத்தார்கள். மனைவியைத் தவிர மீதி எல்லாவற்றையும் ஓரமாக்கிவிட்டு ரப்பர் வைத்தார்கள். என் கொழுந்தனாருக்கும் அந்தக் காய்ச்சல் வந்தது. காவில் பாதி அவருக்கு, பாதி எங்களுக்கு.

"மதினி, சும்மா கெடக்க எடந்தானே. வௌவாலுக்கா நாம தீர்வ கெட்டுகோம்?" என்றார்.

"கொழுந்தனாரே, நீரும் சும்மாத்தான் கெடக்கீரு. ஒம்ம வெட்டீட்டு ரப்பர் வைப்பமா?" என்றேன்.

சிரித்தார். ஆனால் விடவில்லை. குடும்பத்துப் பெரியவர்களைக் கூட்டினார். அந்தச் சமயத்தில்தான் ஒரு காலேஜிலிருந்து பிள்ளைகள் வந்து மாவட்டத்துக் காவுகளை எல்லாம் அளந்துகொண்டிருந்தார்கள். பெரியவர்கள் தீர்ப்புச் சொன்னார்கள்: அளக்க வருகிறவர்கள் இது காடுதான் என்று எழுதிக் கொடுத்தால் யாரும் தொடக் கூடாது. வெறும் தோப்பு என்று எழுதினால் முழுவதையும் வெட்டிக்கொள்ளலாம். கொழுந்தனாரும் தலையாட்டினார்.

எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. ஆபீசர் மாதிரி ஆட்கள் வருகிறார்கள். காவு எப்படி இருக்கிறது? முழங்கால் உயரத்துக்குச் சருகு, விழுந்து மக்கிய தடி, காளான், கொடி, சிலந்தி வலை. பார்த்தால் என்ன நினைப்பார்கள்? இந்த வீட்டில் பெண்பிள்ளையே இல்லையா என்று நினைக்க மாட்டார்களா? நம் ஊரில் வெளியாள் வருகிறான் என்றால் முதலில் முற்றத்தை அடிப்போம். என் மூளை அந்த முற்றத்தைத் தாண்டி எட்டிப் பார்த்ததே இல்லை.

பக்கத்து வீட்டு நேசத்தைக் கூப்பிட்டேன். அவள் சர்ச்சுக்குப் போகிறவள், சாஸ்தாவோடு அவளுக்குப் பகையும் இல்லை, உறவும் இல்லை.

"அக்கா, சாமி கோவிக்காதா?"

"சாமியக் காப்பாத்தத்தானட்டி பெருக்குகோம். கோவிச்சா எனக்கிட்ட அனுப்பு."

மூன்று நாள் வேலை. கொடிகளை அறுத்தோம். முளைத்துக் கிடந்த கன்றுகளைக் களை என்று பிடுங்கினோம். மக்கிய தடிகளை உருட்டி ஒதுக்கினோம். அடியிலிருந்து பூரானும் மண்புழுவும் பேர் தெரியாத வண்டும் குடும்பத்தோடு ஓடின. சருகை மலைபோலக் குவித்துத் தீ வைத்தோம். ஈரச் சருகு லேசில் எரியவில்லை. மண்ணெண்ணெய் ஊற்றினேன். அதோடு விட்டேனா? ரோட்டோரத்து மரங்களுக்குக் கவர்மெண்டு வெள்ளையடிப்பதைப் பார்த்திருக்கிறேன் அல்லவா? இடுப்பு உயரத்துக்கு எல்லா மரத்துக்கும் சுண்ணாம்பு அடித்தேன். சாமிக்குக்கூடப் பெருக்காத இடத்தை அளவுநாடாவுக்காகப் பெருக்கினேன். முடித்துவிட்டுத் தள்ளி நின்று பார்த்தேன். காவு அப்படியே தாலுகா ஆபீஸ் மாதிரி இருந்தது. எனக்குப் பெருமையில் கண் நிறைந்தது.

பிள்ளைகள் வந்தார்கள். கண்ணாடி போட்ட ஒரு வெளியூர்ப் பெண்தான் தலைவி. காவுக்குள் நுழைந்தவள் அப்படியே நின்றுவிட்டாள். குனிந்து சாம்பலைத் தொட்டாள்.

"அம்மா, இங்க என்ன நடந்துச்சு?"

"சுத்தம் பண்ணினோம் மக்களே. இப்ப பாரு, சோறு போட்டுத் திங்கலாம்."

அவள் என்னைத் திட்டியிருந்தால் தேவலை. அந்தப் பெண் மெதுவாக உட்கார்ந்து விளக்கினாள். மரம் காற்றில் இருக்கிற கரியை இழுத்துத் தன் உடம்பில் வைத்துக்கொள்ளுமாம். மரத்தில் மட்டுமில்லை, சருகிலும் மக்கிய தடியிலும் மண்ணிலும் இருக்குமாம். வௌவால் விதை போட, அது கன்றாக, கிழமரம் விழுந்தால் கன்று அந்த இடத்துக்கு வர, இப்படி ஒன்றுக்கு ஒன்று கை கொடுத்தால்தான் காடு என்று பேர்.

"இந்தச் சருகு நனைஞ்ச சாக்கு மாதிரிம்மா. மழைத் தண்ணியப் பிடிச்சு வச்சு கீழ மெதுவா விடும். பக்கத்துல கிணறு இருக்கா?"

நேசம்தான் கிணற்றுப் பக்கம் கையைக் காட்டினாள்.

நாலு குச்சியால் சதுரம் கட்டி மண்ணில் வைத்தார்கள். அதற்குள் கிடக்கிற சருகை எடைபோட வேண்டுமாம். எதை எடைபோட? எண்ணுவதற்குக் கன்று இல்லை, வண்டு இல்லை. மரத்தைச் சுற்றி நாடா பிடித்த பையன் கையெல்லாம் வெள்ளையாகத் திரும்பி வந்தான். நான் அந்தப் பெண்ணின் கையைப் பிடித்துக்கொண்டேன். "மக்களே, போன வாரம் வந்திருந்தா கண்டிருப்ப. காடுன்னு எழுதீரு. ஒனக்குப் புண்ணியமாப் போவும்."

"பாக்காததை எப்படிம்மா எழுதுறது? விட்டு வைங்க, திரும்ப வரும். நாலஞ்சு வருஷம் கழிச்சு நாங்களும் வந்து பாக்குறோம்" என்றாள். அவள் கண்ணும் கலங்கித்தான் இருந்தது. நான் வைத்த புட்டையும் பயறையும் சரியாகச் சாப்பிடாமல் போனாள்.

கடிதம் வந்தது. கொழுந்தனார் வாசலில் நின்று ஊர் கேட்க வாசித்தார்: தோப்பு. பெரிய மரங்கள் மட்டும் உண்டு.

"மதினி, ஒங்க கைராசி" என்றார்.

அடுத்த வாரமே மரம் அறுக்கிறவர்கள் வந்தார்கள். கல்லை மட்டும் விட்டுவிட்டு, பள்ளிக்கூடப் பிள்ளைகள் மாதிரி வரிசையாக ரப்பர் நட்டார் கொழுந்தனார். "இதுவும் மரந்தானே, இதுவும் கரியப் பிடிக்கும்" என்று எனக்கே பாடம் நடத்தினார். "பிடிக்கும் பிடிக்கும். தவளையப் பிடிக்குமா?" என்றேன். ஏழு வருஷம் காத்திருந்து அவர் பால் வெட்டப் போகையில் விலை குப்புற விழுந்து கிடந்தது. வெட்டுகூலிக்குக் கட்டாது என்று கத்தியைக் கழுவி வைத்துவிட்டார்.

வௌவால்கள் முதல் வருஷம் வந்து வட்டமடித்துப் பார்த்துவிட்டுப் போயின, அப்புறம் வரவில்லை. தவளைச் சத்தம் நின்றது. அதற்குள் குறட்டை விடுகிற ஆளும் போய்ச் சேர்ந்துவிட்டார், அதனால் இரவு ஒரேயடியாக அமைதி. கண்ணாடிப் பெண்ணும் வரவில்லை, வந்து பார்ப்பதற்கு என்ன இருக்கிறது? இரண்டாவது சித்திரையிலேயே கிணற்றில் வாளி கல்லில் இடித்தது.

அன்றைக்கு எல்லாப் பெண்களும் காலிக் குடத்தோடு கிணற்றைச் சுற்றி நின்று என் கொழுந்தனாரைச் சபித்தார்கள். சாஸ்தா அவரைக் கேட்பார் என்றார்கள். அவர் வம்சம் விளங்காது என்றார்கள். கேட்கச் சுகமாகத்தான் இருந்தது. கொஞ்ச நேரம் கேட்டேன். பிறகு சொன்னேன்:

"அவன வையாதீங்க மக்கா. அவன் வெட்டினது மரத்த. காட்ட அதுக்கு முந்தியே நாந்தான் கூட்டி வாரித் தீ வச்சேன். கெணத்து வெள்ளம் அண்ணைக்கே எரிஞ்சு போச்சு."

ஒருத்தி, "இவளுக்கு எப்பவும் தமாசுதான், வெள்ளம் எரியுமாம்" என்றாள். எல்லாரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். நேசம் மட்டும் குடத்தை எடுத்துக்கொண்டு வீட்டுக்கு நடந்தாள்.