மூக்குக்காரி

மண்ணெண்ணெயும் சேறும் கலந்தாற்போல் ஒரு வாடை; பழவேற்காடு ஏரிக்கரையில் இருந்த எங்கள் குப்பத்தில் பொழுது விடிவதே அந்த வாடையில்தான். கும்மிடிப்பூண்டிப் பக்கம் "கம்பெனி"கள் வர ஆரம்பித்த எழுபதுகளில், ஓடை வழியாக வந்த கழிவெண்ணெய் ஏரித் தண்ணீரில் மயில்கழுத்து நிறத்தில் மிதக்கும். எங்கள் பெண்கள் அதைக் கையால் விலக்கிவிட்டு, "பறி" என்கிற ஓலைப்பையைப் பல்லில் கடித்துக்கொண்டு, மார்பளவு நீரில் இறால் தடவிப் பிடிப்பார்கள். கரையேறியதும் தவிடு போட்டுத் தேய்த்தால்தான் கால் பிசுக்குப் போகும்.

எண்ணெயிலேயே நின்றவர்களுக்கு எண்ணெய் வாடை தெரியாது. வாடை அடித்த இறாலை ஒருத்தி பக்கத்து ஊரான ஆரணிச் சந்தையில் விற்றுவிட்டாலும், அப்புறம் எங்கள் குப்பத்து இறாலையே யாரும் தொடமாட்டார்கள். அதனால் தண்ணீரில் இறங்காத ஒரு பிள்ளையை விட்டு எல்லார் கூடையையும் "மோந்து" பார்க்கச் சொல்வார்கள். வாய் திறக்கவே கூச்சப்பட்ட நான்தான் அவர்களுக்கு "மூக்குக்காரி". வாடை அடிக்கிறதென்று நான் தலையை ஆட்டினால், அந்தக் கூடை இறால் முழுதும் கரையோரம் வெட்டிய குழிக்குப் போகும்.

ஒரு மழைக்காலத்தில் சில நாட்கள் யாரும் ஏரியில் இறங்க முடியவில்லை. எங்கள் வீட்டில் அரிசிப் பானை காலி. மழை விட்ட அன்று அம்மாவின் கூடைதான் தளும்ப நிறைந்திருந்தது. குனிந்தேன். வாடை அடித்தது. அப்படியே நின்றேன்.

"இன்னாடி, அம்மா கூடைன்னதும் மூக்கு அடைச்சிக்கிச்சா?" என்று சீண்டினாள் பக்கத்து வீட்டுக் கன்னியம்மா அத்தை.

"அதெல்லாம் அடைக்காது அண்ணி" என்று அம்மா சிரித்தாள். "நீ சொல்லு கண்ணு. சோத்தப் பத்தி நான் பாத்துக்கறேன்."

தலையை ஆட்டினேன். அம்மா கூடையைக் குழியில் கவிழ்த்து, சாம்பல் போட்டுக் கழுவி எடுத்து வந்தாள். கன்னியம்மா அத்தை தன் கூடையிலிருந்து இரண்டு கையாலும் அள்ளி அதில் போட்டாள். "இன்னாத்துக்கு நின்னுகினு கீற? கெளம்பு, பஸ்ஸு பூடும்." மற்றவர்களும் ஆளுக்கொரு பிடி போட்டார்கள். கவிழ்த்த கூடைக்கு அப்படிப் போடுவது எங்கள் குப்பத்து வழக்கம். அன்று மாலை எங்கள் வீட்டில் உலை கொதித்தது.

உடம்பெல்லாம் எண்ணெயாக நின்ற அந்தப் பெண்களைப் போல் சுத்தமானவர்களை அப்புறம் நான் பார்க்கவில்லை.

இப்போது பறியும் இல்லை, குழியும் இல்லை. இறால் ஐஸ் பெட்டியில், வண்டியில், வாசலுக்கே வருகிறது. ஒன்றை எடுத்து முகர்ந்தால், "இன்னா ஆயா, மல்லிப்பூவா அது?" என்று வண்டிக்காரர் சிரிக்கிறார். சில நாட்களில் தலையை ஆட்டுகிறேன். அவர் பெட்டியை மூடிக்கொண்டு அடுத்த வீட்டு வாசலுக்குப் போகிறார்.